முன்வாசல் பாசிமேடு பழுப்பானது ஏன்? கொரியன் புல் நிகழ்வு ஆய்வு

புகார் எப்போதும் ஒரே மாதிரிதான் வரும். நட்டு இரண்டரை, மூன்று வருஷம் ஆன கொரியன் புல், பச்சைப் பாசி படர்ந்த குட்டிக் குன்றுகள் மாதிரி மேடும் பள்ளமுமாக அழகாக இருந்தது. மேடு தட்டிப்போச்சே, சமப்படுத்தலாம் என்று மெஷின் வைத்து ஓட்டினார்கள். மறுநாள் பார்த்தால் வட்ட வட்டமாகப் பழுப்பு. பூஞ்சை என்று யாரோ சொல்ல, மருந்து அடித்தார்கள். பிறகு யூரியா தூவினார்கள். பிறகு காலையும் மாலையும் தண்ணீர். பழுப்பு போகவில்லை, கூடவே மஞ்சளும் சேர்ந்துகொண்டது.

சென்னைப் புறநகர்த் தனிவீடுகளில் திரும்பத் திரும்ப வருவதால், இத்தகைய முன்வாசல் ஒன்றை மாதிரியாக வைத்து இதை முழுசாகப் பிரித்துப் பார்க்கலாம். நீளம் 20 அடி, அகலம் 10 அடி. நீளவாக்கில் ஒரு பக்கம் காம்பவுண்டுச் சுவர், ஒரு மூலையில் கார் நிறுத்தும் ஷெட். நர்சரியிலிருந்து ஓர் அடிச் சதுரப் பத்தைகளாக வாங்கி, இடைவெளி இல்லாமல் ஓடு பதிப்பதுபோல் பதித்த புல்.

முதலில், இது எந்தப் புல்?

நர்சரியில் 'கொரியன்' என்று கேட்டால் இரண்டு வேறு புற்கள் கிடைக்கும். ஒன்று ஜோய்சியா ஜப்பானிகா: இலை 3 முதல் 4 மில்லிமீட்டர் அகலம், தட்டையாக இருக்கும். கொரியாவிலும் ஜப்பானிலும் இயல்பாக வளர்வது உண்மையில் இதுதான். மற்றது ஜோய்சியா டெனுய்ஃபோலியா என்று பழைய பெயரிலேயே விற்கப்படுவது. தாவரவியலார் இன்று ஜோய்சியா பசிபிகா என்கிறார்கள். இதன் இலை ஒரு மில்லிமீட்டர்கூட இருக்காது, உள்பக்கமாகச் சுருண்டு தடித்த நூல் மாதிரி நிற்கும். உள்ளங்கையை மேலே வைத்து அழுத்தினால் லேசாகக் குத்தும். பாசி போல மேடு கட்டுவது இந்த இரண்டாவது புல்தான். பெயர் கொரியன் என்றாலும் இதன் சொந்த ஊர் பசிபிக் ஓரத்து வெப்பமண்டலக் கடற்கரைகள். ஜோய்சியாக்களிலேயே குளிர் ஆகாதது, வெயிலுக்கு அஞ்சாதது. இலையிலுள்ள நுண்சுரப்பிகள் வழியே உப்பை வெளியே தள்ளிவிடும் என்பதால் கொஞ்சம் உப்பான போர்த் தண்ணீரையும் தாங்கும். சென்னையில் வருஷம் முழுக்கப் பச்சையாக இருப்பதற்கு இந்த இயல்புகள்தான் காரணம்.

வாங்கும்போதே இலையைப் பார்த்து வாங்க வேண்டும். சமமான புல்தரை வேண்டுபவர் மெல்லிலைப் புல்லை வாங்கிவிட்டால் காலமெல்லாம் அதனோடு மல்லுக்கு நிற்க வேண்டியதுதான். இந்த முன்வாசலில் நடந்ததும் அதுவே.

மேடு எழும்புவது எப்படி

புல் இரண்டு வகைத் தண்டுகளால் பரவுகிறது: தரைமேல் ஓடும் ஓடுதண்டு, மண்ணுக்குள் ஓடும் வெள்ளைத் தண்டு. பக்கத்தில் இடம் இருக்கும்வரை பக்கவாட்டில் போகும், அதுவும் ரொம்ப மெதுவாக. இடம் தீர்ந்ததும் புதுத் தண்டுகள் பழையவற்றின் மேல் ஏறும். அவை மேலும் மேலும் ஏற, அடியில் நிழல்பட்ட இலைகள் காய்கின்றன. இந்தப் புல்லின் தண்டும் இலையும் கெட்டி, சீக்கிரம் மக்காது. ஆகவே காய்ந்தது அப்படியே அடுக்கு கட்டுகிறது. மேடு என்று நாம் பார்ப்பதில் மண் கிடையாது. உள்ளே வைக்கோல், மேலே பச்சைப் போர்வை, அவ்வளவுதான்.

இதை நேரில் பார்க்க, பழைய சமையல் கத்தி ஒன்றால் ஒரு மேட்டைத் தர்பூசணித் துண்டு போல் ஆப்பாக வெட்டி எடுத்தால் போதும். 12 சென்டிமீட்டர் உயர மேட்டின் குறுக்குவெட்டில் மேலே 3 சென்டிமீட்டர் பச்சை. அடுத்து 8, 9 சென்டிமீட்டர் வெளிர்பழுப்பு நார், கையில் எடுத்தால் தேங்காய்நார் மெத்தை மாதிரி அமுங்கி எழும்பும். அதற்கும் கீழேதான் மண். பழுப்பு நாருக்கு நடுவே தந்த நிறத்தில் சில தண்டுகள் ஓடும். அவற்றை ஒடித்தால் 'டக்'கென்று ஒடிந்து ஈரம் காட்டினால் உயிர் இருக்கிறது. நெகிழ்ந்து நூலாகப் பிரிந்தால், அல்லது உள்ளே கூடாக இருந்தால், அந்த இடம் போனதுதான்.

மெஷின் ஓட்டினால் என்ன ஆகும் என்பது இந்தத் துண்டைப் பார்த்தாலே விளங்கும். சக்கரம் பள்ளத்தில் இறங்கி, பிளேடு மேட்டின் தலையைச் சீவுகிறது. 3 சென்டிமீட்டர் பச்சை மொத்தமும் போய், அடியிலிருந்த வைக்கோல் வெளியே தெரிகிறது. அந்தப் பழுப்பு நேற்று வந்ததே இல்லை. ஒரு வருஷமாக உள்ளேதான் இருந்தது.

மூன்று பழுப்பு, மூன்று காரணம்

இந்த முன்வாசலில் தவறு பெரிதானது எல்லாப் பழுப்பையும் ஒரே நோயாக எண்ணியதால்தான். மூன்று இடத்தில் தோண்டிப் பார்த்தால் மூன்று வேறு கதைகள்.

நடுப்பகுதியில், வட்டப் பழுப்பு எல்லாம் மேட்டின் உச்சியில் மட்டும் இருக்கிறது, பள்ளங்கள் பச்சை. நுனிகள் ஒரே மட்டத்தில் வெட்டுப்பட்டிருக்கின்றன. இது பிளேடு சீவியது. பூஞ்சையாக இருந்தால் மேடு பள்ளம் பார்க்காது; ஈரமான நாட்களில் வட்டமாகப் பரவும், அடிக்குருத்து அழுகி, இழுத்தால் இலை கையோடு வந்துவிடும். படைப்புழு என்றால் இலை ஓரம் கடிபட்டிருக்கும், விடிந்ததும் மைனாக்கள் கூட்டமாக வந்து கொத்தும். சந்தேகம் இருந்தால் 5 லிட்டர் தண்ணீரில் பாத்திரம் கழுவும் திரவம் 2 மேசைக்கரண்டி கலந்து ஒரு சதுர மீட்டரில் ஊற்றுங்கள். புழு இருந்தால் பத்து நிமிஷத்தில் மேலே வந்துவிடும். கரையான் என்றால் நாரின் மேல் மண்பூச்சு தெரியும். இங்கே இவை எதுவும் இல்லை. அடித்த பூஞ்சை மருந்து வீண்.

அதே மேட்டில் இன்னொரு விஷயமும் தெரிந்தது. தினம் இருவேளை தண்ணீர் விட்டும் மேட்டின் உள்நார் பொடி போலக் காய்ந்திருக்கிறது. ஒருமுறை நன்றாகக் காய்ந்த நார் தண்ணீரை ஏற்காது. ஹோஸில் அடிக்கும் தண்ணீர் மேட்டின் மேல் உருண்டு பள்ளத்துக்கு ஓடுகிறது. பள்ளம் சொதசொத, மேடு வறட்சி.

சுவரோரம் 2 அடி அகலத்துக்குப் பழுப்பு இல்லை, மஞ்சள். புதுத் துளிர் வெளிறிய மஞ்சள். கீழ் இலைகள் இன்னும் பச்சை. இந்த வரிசைதான் முக்கியம். தழைச்சத்து குறைந்தால் முதலில் மஞ்சளாவது கீழ் இலை. துளிர் முதலில் வெளுத்தால் இரும்புச்சத்துக் குறை. தோண்டினால் 2 அங்குலச் செம்மண்ணுக்குக் கீழே வீடு கட்டிய ரப்பீஷ்: உடைந்த செங்கல், சிமென்ட் கலவைக் கட்டி, சுண்ணாம்பு. அதில் எலுமிச்சைச் சாறு சொட்டினால் நுரைக்கிறது. சுண்ணாம்பு மிகுந்த மண்ணில் இரும்பு இருந்தாலும் வேரால் எடுத்துக்கொள்ள முடியாது. யூரியா தூவியது இங்கே கெடுதலாகத்தான் முடிந்தது: துளிர் வேகமாக வந்தது, வந்த துளிருக்குக் கொடுக்க இரும்பு இல்லை.

கார் ஷெட் மூலையில் புல் இளைத்து, மண் தெரிகிறது. காரணம் வெறும் நிழல். இந்தப் புல்லுக்கு நேர் வெயில் 5, 6 மணிநேரம் வேண்டும். 4 மணிநேரத்துக்கும் குறைந்தால் எந்த உரமும் அதைக் காப்பாற்றாது.

மூன்றுக்கும் பொதுவாக ஒரு குறை. பத்தையைத் தூக்கிப் பார்த்தால், வயலில் வெட்டி வந்த களிமண் அப்படியே ஒட்டிக்கொண்டிருக்கிறது. வேர் அந்தக் களிமண்ணுக்குள்ளேயே சுற்றுகிறது, கீழே இருக்கும் மணல்கலந்த மண்ணுக்கு இறங்கவே இல்லை. நுண்துகள் மண் மேலும் பெருந்துகள் மண் கீழும் இருந்தால், மேல் அடுக்கு முழுதாக நிறையும்வரை தண்ணீர் கீழே போகாது. மழையில் அழுகலும் வெயிலில் வாடலும் மாறி மாறி வர இதுவே வழி.

நடுப்பகுதி: வெட்டுப்பட்ட மேடுகள்

இங்கே அவசரம் கூடாது. ஒடித்துப் பார்த்துத் தண்டு உயிரோடு இருந்தால், புல்லைப் பிடுங்க வேண்டாம், மாற்ற வேண்டாம். கம்பிமுள் அல்லது பழைய ஸ்க்ரூடிரைவரால் மேட்டில் 3 அங்குலத்துக்கு ஒரு குத்து, நார் தாண்டி மண்வரை. பூவாளியால் மெதுவாக, 20 நிமிஷ இடைவெளி விட்டு மூன்று தடவை தண்ணீர். முதல் தடவை ஓடிவிடும், மூன்றாவது தடவை இறங்கும். நார் ஒருமுறை நனைந்துவிட்டால் பிறகு அதுவே தண்ணீரைப் பிடித்து வைக்கும்.

பிறகு மேல்மண். சலித்த ஆற்றுமணல் 2 பங்கு, சலித்த மண்புழு உரம் 1 பங்கு, 3 மில்லிமீட்டர் கனத்துக்குத் தூவி, தென்னந்துடைப்பத்தால் பெருக்கி நாருக்குள் இறக்க வேண்டும். 200 சதுர அடிக்கு இது சுமார் 56 லிட்டர், அதாவது 2 கன அடி. சிமென்ட் சாக்கில் ஒன்றரைச் சாக்கு. கனம் கூட்டினால் பலன் கூடாது, துளிர் மூடிக்கொள்ளும். உள்நார் மக்குவதற்கு வேண்டிய ஈரத்தையும் நுண்ணுயிரையும் இந்த மேல்மண் கொண்டுபோய்ச் சேர்க்கிறது.

மூன்று வாரத்துக்கு யூரியா வேண்டாம். வெயில் காலமானால் 6 முதல் 10 வாரத்தில் பச்சை மூடிவிடும். மார்கழி, தை மாதத்தில் இன்னும் இழுக்கும். இந்தக் காத்திருப்பில்தான் பலர் பொறுமை இழந்து பிடுங்கிவிடுகிறார்கள். மூன்றாம் வாரம் நாருக்கு நடுவே ஊசிமுனை போல் பச்சை தெரிந்தால் நம்பிக்கையோடு விட்டுவிடலாம்.

15 சென்டிமீட்டருக்கு மேல் எழும்பிய மேடுகளுக்கு வேறு வைத்தியம். மேலே சீவாமல், உள்ளிருந்து குறைக்க வேண்டும். கூரிய அரிவாளால் மேட்டில் கை அகலத்துக்கு ஓர் ஆப்பு வெட்டி, நாரோடு எடுத்துவிட்டு, அந்தக் குழியில் மண்கலவை போட்டு, இரண்டு பக்கத்தையும் உள்ளே தள்ளி மிதித்துவிடுங்கள். வெட்டு ஒரு மாதத்தில் மூடிக்கொள்ளும். ஒரே நாளில் எல்லா மேட்டையும் செய்யாமல், மூன்றில் ஒரு பங்கு இப்போது, அடுத்தது நான்கு மாதம் கழித்து. வெட்டி எடுத்த ஆப்பில் உயிருள்ள தண்டு இருக்கும். அதைக் கீழே எறிந்துவிடாதீர்கள், சுவரோரத்துக்கு நாற்று அதுதான்.

சுவரோரம்: மண்ணையே மாற்றுவது

தற்காலிகத்துக்கு அன்னபேதி (இரும்பு சல்பேட்) உதவும். லிட்டருக்கு 5 கிராம் அன்னபேதி, 1 கிராம் எலுமிச்சை உப்பு (சிட்ரிக் அமிலம்). வெயில் தாழ்ந்தபின் இலைமேல் தெளிப்பு. ஓரிரு வாரத்தில் துளிர் பச்சையாகும். ஆனால் சிமென்ட் தரையிலோ டைல்ஸிலோ ஒரு துளி பட்டாலும் துருக்கறை நின்றுவிடும். அட்டை பிடித்துக்கொண்டுதான் அடிக்க வேண்டும். அடுத்த துளிர் மறுபடி மஞ்சளாகவே வரும் என்பதையும் மறக்கக் கூடாது. ரப்பீஷ் அங்கேயே இருக்கிறதே.

ஆகவே தோண்ட வேண்டும். 2 அடி அகலம், 20 அடி நீளம், 9 அங்குல ஆழம் என்றால் 30 கன அடி கழிவு வெளியே போகும். நிரப்பும் கலவை: செம்மண் 6 பங்கு, மணல் 3 பங்கு, மக்கிய தொழுவுரம் 1 பங்கு. எம்-சாண்ட் போடுவதானால் கழுவியதாக இருக்க வேண்டும். கழுவாததில் உள்ள கல்மாவு தண்ணீர் பட்டதும் இறுகிவிடும். முழு முன்வாசலையும் புதிதாகச் செய்பவருக்கு 200 சதுர அடியை அரை அடி உயர்த்தச் சரியாக 100 கன அடி, அதாவது ஒரு யூனிட் கலவை போதும். 20 அடி ஓட்டத்தில் வீட்டுப் பக்கத்திலிருந்து வெளியே 3 அங்குலச் சரிவு கட்டாயம். வடகிழக்குப் பருவமழையில் ஐப்பசி, கார்த்திகையில் கொட்டும் தண்ணீர் இரண்டு நாள் தேங்கினாலும் வேர் மூச்சுமுட்டிப் போகும்.

நிரப்பிய மண்ணில் உடனே நடாதீர்கள். இதைத்தான் ரொம்ப அழுத்திச் சொல்ல வேண்டியிருக்கிறது. லாரியில் வரும் செம்மண்ணோடு கோரைக்கிழங்கு வரும். மேடு கட்டும் புல்லுக்குள் கோரை முளைத்துவிட்டால் அதை எடுக்க வழியே இல்லை: இழுத்தால் தண்டு மட்டும் வரும், சங்கிலியாகக் கோத்த கிழங்குகள் நாருக்கும் அடியில் கிடந்து, ஒன்றுக்கு மூன்றாகத் துளிர்க்கும். ஆகவே மண் போட்டு, தண்ணீர் விட்டு, மூன்று வாரம் சும்மா விடுங்கள். முளைத்த கோரையைக் களைக்கொத்தியால் கிழங்கோடு தோண்டி எடுங்கள். மறுபடி தண்ணீர், மறுபடி மூன்று வாரம், மறுபடி தோண்டல். இரண்டு சுற்று கட்டாயம், மூன்று சுற்று நல்லது. இந்த இரண்டு மாதத்தைச் சேமிக்கப் பார்த்துத்தான் எத்தனையோ முன்வாசல்கள் கெட்டிருக்கின்றன.

நடும்போது பத்தையாகப் பதிக்காமல் துண்டாக நடுங்கள். ஓர் அடிப் பத்தையை நீளவாக்கில் நான்கு, குறுக்கே நான்கு என வெட்டினால் 3 அங்குலத் துண்டு 16. பக்கெட் தண்ணீரில் முக்கி, வேரில் ஒட்டிய களிமண்ணில் பாதிக்கு மேல் கரைத்துவிடுங்கள். வெறும் வேராக ஆகும்வரை கழுவ வேண்டாம். மையத்துக்கு மையம் 6 அங்குலம் விட்டு நட்டால் ஒரு சதுர அடிக்கு 4 துண்டு. சுவரோரத்து 40 சதுர அடிக்கு 160 துண்டு, அதாவது 10 பத்தை. வெட்டி எடுத்த ஆப்புகள் கையில் இருந்தால் அதிலும் குறையும். பத்தை பத்தையாகப் பதித்தால் இதே இடத்துக்கு 40 வேண்டும். துண்டின் தலை மண்மட்டத்தில் நிற்க வேண்டும். ஆழமாகப் போனால் அழுகும், மேலே நின்றால் காயும். நட்டதும் காலால் மிதித்து இறுக்க வேண்டும். காற்றுப்பை இருக்கும் இடத்தில் வேர் இறங்காது.

இப்படி நட்டது மூட ஒரு வருஷம், சில சமயம் அதற்கு மேலும் ஆகும். அழகுக்கும் அதுவே நல்லது: ஒவ்வொரு துண்டும் ஒரு மையமாகிப் பரவுவதால் பிறகு வரும் மேடுகள் சிறிதும் பெரிதுமாக இயல்பாக அமையும். இடைக்காலத்தில் துண்டுகளுக்கு நடுவே வரும் களையை வாரம் ஒருமுறை கையால் எடுத்தே ஆக வேண்டும்.

ஷெட் மூலை

புல்லை எடுத்துவிட்டு மாண்டோ கிராஸின் குட்டை ரகத்தை வைக்கலாம். நிழல் தாங்கும், கரும்பச்சை. இரண்டுக்கும் நடுவே 6 அங்குல ஆழத்துக்குக் கல் விளிம்பு பதிக்காவிட்டால் கொரியன் புல் மண்ணுக்கடியில் போய் மறுபக்கம் முளைக்கும்.

தண்ணீர், உரம், கத்தரி

நட்ட முதல் இரண்டு வாரம் தினம் இருவேளை லேசாக; ஆறாம் வாரம்வரை தினம் ஒருவேளை; பிறகு 3, 4 நாளுக்கு ஒருமுறை ஆழமாக. கோடையில் வாரத்துக்கு 25 மில்லிமீட்டர் கணக்கு. 200 சதுர அடிக்கு இது சுமார் 465 லிட்டர், 500 லிட்டர் டேங்க் ஒன்று. விடியற்காலையில் விடுங்கள். மாலையில் நனைத்தால் இரவு முழுக்க நார் ஈரத்தில் கிடக்கும். அப்போதுதான் நிஜமான பூஞ்சை வரும்.

உரம் குறைவாகவே. சதுர மீட்டருக்கு 10 கிராம் யூரியா, வருஷத்தில் இரண்டே தடவை: மழை ஓய்ந்தபின் தை, மாசியில் ஒன்று, ஆடியில் ஒன்று. இந்த முன்வாசலுக்கு ஒரு தடவைக்கு 185 கிராம் போதும். உலர்ந்த இலையில் தூவி, உடனே தண்ணீர் விட்டுக் கழுவி இறக்க வேண்டும். ஒட்டிய குருணை அந்த இடத்தைச் சுட்டுவிடும். கூடுதலாகப் போட்டால் புல் அடர்ந்து நார் வேகமாகக் கட்டும். மழை மாதங்களில் யூரியாப் பையைத் தொடவே வேண்டாம்.

மெஷின் இனி இந்த முன்வாசலுக்கு வேண்டாம். மேட்டின் உருவத்தை ஒழுங்கு செய்ய வேலி கத்தரிக்கும் கத்தரி போதும், வருஷத்துக்கு இரண்டு தடவை. பச்சை எத்தனை கனம் என்று விரலால் விலக்கிப் பார்த்துவிட்டு, அதில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் எடுக்கக் கூடாது. 3 சென்டிமீட்டர் பச்சை இருந்தால் 1 சென்டிமீட்டர். கத்தரியைப் படுக்கையாகப் பிடிக்காமல் மேட்டின் வளைவோடு சாய்த்துப் பிடித்தால் வைக்கோல் தெரியாது.

கேட்டிலிருந்து வாசல்படிவரை நடக்கும் தடத்தில் புல்லை நம்ப வேண்டாம். மேட்டில் கால் புரளும், தினம் மிதிபடும் மேடு நடுவில் அமுங்கிக் காயும். ஒன்றரை அடிக்கு ஒரு கடப்பைக் கல், மண்மட்டத்துக்கு 2 அங்குலம் மேலே நிற்கும்படி பதியுங்கள். புல் மூன்று வருஷத்தில் கல்லின் விளிம்புவரை வந்து நிற்கும். அதற்கு மேல் கல்மீது ஏறும் தண்டை மட்டும் கத்தியால் ஓரம் கட்டினால் போதும்.